தகரத்துக்கு அந்தப் பக்கம்

வடக்குப்பட்டு
12.7.2025

தங்கச்சி ஜாஸ்மினுக்கு எல்லப்பன் அண்ணன் எழுதிக்கொள்வது.

கவரைப் பார்த்ததும் கிழிக்கத்தான் கை போகும். கொஞ்சம் பொறு. என் நம்பரை பிளாக் பண்ணினாய், சரி. தபால்காரரை எந்தப் பட்டனை அமுக்கி பிளாக் பண்ணுவாய்? அட்ரஸை உன் பழைய சர்ச்சு சரோஜா அக்காவிடம் வாங்கினேன். சும்மா தரவில்லை. "ஞாயித்துக்கிழமை ஆராதனைக்கு வரேன்னு சொல்லு, தரேன்" என்றார். வருகிறேன் என்று சொல்லிவிட்டேன். பாவம் கர்த்தர்.

நான் அஞ்சாவதுக்கு மேல் படிக்காதவன். தப்பும் தவறுமாகத்தான் வரும். ராகம் தப்பினால் திருத்துவாயே, அதே மாதிரி திருத்திப் படித்துக்கொள்.

விஷயம் ரெண்டு. நம் கொட்டகையின் தகரத்தை ஒட்டி இருந்த, தகடு அடிக்கிற பிரஸ் கம்பெனியை மூடிவிட்டார்கள். மெஷின் எல்லாம் லாரி ஏறிப் போய்விட்டது. போர்டைக்கூடக் கழற்றிவிட்டார்கள். குடோன் வரப்போகிறதாம். தகரத்துக்கு அந்தப் பக்கம் இப்போது காக்கா கத்துவது கேட்கிறது. அங்கே காக்கா இருந்ததே எனக்கு இத்தனை வருஷமாகத் தெரியாது.

அடுத்தது, மெட்ராஸில் இருந்து பூஜா என்று ஒரு பெண் வந்தாள். முட்டியில் கிழிந்த பேண்ட். உன் அண்ணி கனகம் ஊசி நூலை எடுத்துக்கொண்டு வந்து "குடும்மா, தச்சித் தரேன்" என்று நிற்கிறாள். எனக்கு மானம் போய்விட்டது. இந்தப் பெண், நம்மை மாதிரி சின்னச் சின்ன ராக் பாட்டுக் கம்பெனி, அவள் பாஷையில் லேபிள், எல்லாம் போட்ட பாட்டைத் தேடிப்பிடித்து மறுபடி வெளியிடுகிறாளாம். ஒரு பழைய கம்பெனி பஸ்ஸின் பாட்டு செட்டில் மெமரி கார்டு மாட்டியே இருந்திருக்கிறது. செட்டின் மேல் நம் ஸ்டிக்கர்: கடைசி சீட் ரெக்கார்ட்ஸ், ஒரகடம். விசாரித்துக்கொண்டே வந்துவிட்டாள்.

"அங்கிள், உங்க லேபிளோட ஹிஸ்டரி சொல்லுங்க" என்று போனை நீட்டினாள். ஹிஸ்டரியாம்! நான் ஓட்டுகிற கம்பெனி பஸ்ஸின் கடைசி சீட்டில் ஜன்னல் கம்பியைத் தட்டிப் பாடிக்கொண்டு வந்த கூட்டத்தை இறக்கிவிட மனசு வராமல் ஆரம்பித்தது என்றேன். காருக்கு வயர் கட்டுகிற ஹார்னஸ் லைனில் இருந்து பாட நீ, பெயிண்ட் ஷாப்பில் இருந்து கிட்டாருக்கு இனியவன். எங்கள் நிலத்தைக் கம்பெனிக்கு அளந்தபோது கோடு கோணலாகப் போய் மிச்சமான துண்டில், நான் பழைய டயர் போட்டு வைத்த தகரக் கொட்டகைதான் ஸ்டூடியோ. கடை கிடையாது. டிரைவருக்கெல்லாம் கார்டு கொடுப்போம், காலை டிரிப்பில் போடுவார்கள். "இன்னாபா பாட்டு இது, காதுல ஆணி அடிக்கிற மாரி கீது" என்பான் ஒருத்தன். இறங்குவதற்குள் அவனே "அத்தத் திரும்பப் போடு" என்பான். அதுதான் நமக்கு விளம்பரம் என்றேன்.

மெஷின் கதையையும் சொன்னேன். முதல் பாட்டு பதிகிற அன்றைக்குப் பக்கத்தில் தொம் தொம் என்று அடிக்கிறது. மெத்தை கட்டினோம், முட்டை அட்டை ஒட்டினோம், அடங்கவில்லை. நீ யூனிஃபார்ம் கையை மடக்கிவிட்டுக்கொண்டு அந்த மெஷின்காரனோடு சண்டைக்குப் போனாய். போன முகம் வேறு, வந்த முகம் வேறு. அடுத்த வாரத்திலிருந்து அந்த மெஷின் உன் பாட்டுக்குத் தாளம் போட ஆரம்பித்துவிட்டது. அவன் பெடலை மிதித்தால்தான் மெஷின் இறங்கும். தகரத்தில் காதை வைத்துக்கொண்டு, உன் குரலுக்கு மிதித்தான். பிறகு எந்தப் பாட்டுக்கும் நமக்கு டிரம் செட்டே வாங்க வேண்டியிருக்கவில்லை. எனக்கு மச்சானும் கிடைத்தான்.

"டிரம்ஸ் யாரு அங்கிள்? எந்த ரெக்கார்டுலயும் பேரே இல்லியே" என்று கேட்டாள். மெஷின்காரன் என்று கதை சொன்னேனே தவிர பெயரைச் சொல்லவில்லை. டீ வாங்கப் போகிறேன் என்று எழுந்துவிட்டேன். அப்போது பெயர் போட்டால் அவன் வேலை போகும் என்று போடவில்லை. இப்போது போட உன்னைக் கேட்க வேண்டும். பாட்டெல்லாம் உன் குரல். நீ சரி என்றால்தான் கொடுப்பேன்.

மச்சான் எப்படி இருக்கிறான்?

எல்லப்பன்


ஓசூர்
24.7.2025

எல்லப்பன் அண்ணாவுக்கு,

உங்கள் கடிதம் வீட்டுக்கே வந்துவிட்டது. நல்லவேளை, நான் வாங்கினேன். இனி எழுதினால் நான் வேலை பார்க்கும் தையல் கம்பெனிக்கு எழுதுங்கள், முகவரி கீழே இருக்கிறது. எழுதாமல் இருந்தால் இன்னும் நல்லது. நம்பரைத் திறக்க மாட்டேன். எங்கள் வீடு ஒரே அறை. நீங்கள் போனில் பேசினால் தெருவுக்கே கேட்கும், அவருக்குக் கேட்காதா?

அவர் ஒரு அபார்ட்மென்டில் செக்யூரிட்டி. கேட்டைத் திறந்து மூட இடது கை போதும். நன்றாகத்தான் இருக்கிறார். இப்போதுதான் ராத்திரி எழுந்து உட்காராமல் தூங்குகிறார். வீட்டில் பாட்டு கிடையாது. டிவியில் சோப்பு விளம்பரம் பாடினால்கூடச் சத்தத்தைக் குறைத்துவிடுவார். நானும் பாடுவதில்லை. இங்கே சர்ச்சில் எல்லோரும் பாடும்போது உதட்டை மட்டும் அசைப்பேன். பக்கத்தில் நிற்பவர்கள் தொண்டை சரியில்லை என்று நினைத்துக்கொள்கிறார்கள்.

நீங்கள் சிரித்துக்கொண்டே எழுதுகிறீர்கள் அண்ணா. 'உன் பாட்டுக்குத் தாளம் போட்டது' என்று. அதை எப்படி எழுத முடிந்தது? அந்தத் தாளத்தில்தானே அவர் விரல்கள் போயின. தகரத்துக்கு இந்தப் பக்கம் நான் பாடிக்கொண்டிருந்தேன். அந்தப் பக்கம் அவர் தகட்டை எடுக்கக் கையை உள்ளே விட்டிருந்தார். "பாட்டுப் போக்குல காலு தானா மிதிச்சிட்டிருக்கும்" என்று ஆஸ்பத்திரியில் அவரே சொன்னார். மெஷினைச் சோதித்தோம், குறை இல்லை, தொழிலாளியின் கவனக்குறைவு என்று கம்பெனி எழுதிய தாளில் இடது கையால் கையெழுத்துப் போட்டார். ஆறு வருஷமாகிறது. அவர் தன்னைத் திட்டிக்கொண்டதை நான் கேட்டேன். நான் என்னைத் திட்டிக்கொண்டதை அவருக்குக் கேட்கவிடவில்லை.

இதற்கு ஹிஸ்டரி என்று பெயர் வைத்து விற்க வேண்டாம்.

பழைய பாட்டுகளைக் கொடுப்பதானால் கொடுங்கள். என் பெயர் வேண்டாம். டிரம்ஸ் யாரும் இல்லை என்று போடுங்கள். அன்றைக்குப் பதிந்த கடைசிப் பாட்டை நான் அப்போதே அழிக்கச் சொன்னேன். அழித்திருப்பீர்கள்.

கனகம் அண்ணிக்கு என் வணக்கம்.

ஜாஸ்மின்


வடக்குப்பட்டு
3.8.2025

தங்கச்சிக்கு,

திட்டுவதைக்கூட இவ்வளவு மரியாதையாக 'நீங்கள், நீங்கள்' என்று திட்டினால் பதிலுக்கு நான் எப்படிக் கத்துவது? உன் கடிதத்தைக் கனகத்துக்குப் படித்துக் காட்டினேன். உதடு மட்டும் அசைப்பேன் என்ற இடத்தில் எழுந்து உள்ளே போய்விட்டாள். அன்றைக்குக் குழம்பில் உப்பு இல்லை. கேட்கவில்லை.

நான் இன்னும் பஸ்தான் ஓட்டுகிறேன். செட் வேலை செய்கிறது, பாட்டுதான் யாருக்கும் வேண்டியதில்லை. ஆளுக்கு ஒரு போன், காதில் ஆளுக்கு ஒரு ஒயர். அதையும் ரெண்டு நிறுத்தத்துக்குத்தான் கேட்கிறார்கள். பிறகு வாயைத் திறந்துகொண்டு தூக்கம். கண்ணாடியில் பார்த்தால் பொட்டலம் பொட்டலமாகச் சாய்ந்து கிடக்கிறார்கள். "ஷிஃப்டு மாறுது, லைனு மாறுது, எங்க தூக்கம் மட்டும் பஸ்லதான் கீது" என்று எழுதினாயே, அது பாட்டு என்று நினைத்தேன். அது என் தினப்படி வேலையாகிவிட்டது. இடுப்பு வலிக்கிறது. வயசாகிறது என்று கனகம் சொல்கிறாள், ரோடு சரியில்லை என்று நான் சொல்கிறேன்.

சரி, சுற்றி வளைக்கிறேன். விஷயத்துக்கு வருகிறேன்.

நீ அழிக்கச் சொன்னாய். எந்தப் பட்டன் என்று சொல்லவில்லை. எனக்குப் போடத் தெரியும், நிறுத்தத் தெரியும், அவ்வளவுதான். எல்லாப் பாட்டும் இருந்த, கம்ப்யூட்டரில் மாட்டுகிற அந்தச் சின்னப் பெட்டியைக் கனகம் பிளாஸ்டிக் கவரில் சுற்றிக் காய்ந்த மிளகாய் டப்பாவில் போட்டு வைத்திருந்தாள். பூஜா அப்படியே வாங்கிக்கொண்டு போனாள். தும்மிக்கொண்டே போனாள்.

போன வாரம் கம்ப்யூட்டரோடு வந்தாள். சத்தத்தை எல்லாம் கோடு கோடாக, மலை மலையாகக் காட்டினாள். "அங்கிள், பின்னாடி இந்த மெஷின் சத்தத்த எடுத்துடட்டா? க்ளீனா இருக்கும்" என்றாள். "எடும்மா, அப்டியே பாட்டையும் எடுத்துடு, இன்னும் க்ளீனா இருக்கும்" என்றேன். சிரித்தாள். பிறகு, "அப்ப இருக்கட்டும். ஆனா கடைசிப் பாட்டுல ஒரே ஒரு அடி ஜாஸ்தியா இருக்கு. எல்லாம் ஸ்கேல் வச்சு கோடு போட்ட மாதிரி விழுது, இது மட்டும் நடுவுல வந்து விழுந்துருக்கு. அத மட்டும் எடுத்துடட்டா?" என்றாள்.

நான் அந்தப் பாட்டை அன்றைக்குப் பிறகு கேட்டதில்லை ஜாஸ்மின். போடச் சொன்னேன்.

தொம். இடைவெளி. தொம். இடைவெளி. தொம். அந்த இடத்தில் இடைவெளியே இல்லை, அதன் மேலேயே இன்னொரு தொம். அதற்குப் பிறகு மச்சானின் சத்தம். பூஜா அதைக் கூட்டத்து இரைச்சல் என்று நினைத்திருக்கிறாள். விஷயத்தைச் சொன்னேன். கம்ப்யூட்டரை மூடிவிட்டு அழுதாள், பாவம்.

நான் வருஷக்கணக்காகப் பெடல் மிதித்துச் சோறு தின்கிறவன். மிதித்த கால் மேலே வந்துதான் மறுபடி இறங்க வேண்டும். அந்த வேகத்தில் எந்தக் காலும் மிதிக்க முடியாது. அந்த அடி அவன் மிதித்தது இல்லை. மெஷின் தானாக ரெண்டாவது தடவை இறங்கியிருக்கிறது. அந்த வாரம் டீக்கடையில் அவன் சொன்னது உனக்கு ஞாபகம் இருக்கும், நீயும்தான் நின்றாய். "மச்சான், மிஷினு டபுள் அடிக்குது. சூப்பரைசராண்ட சொன்னா இந்த லாட்டு முடியட்டும்ன்றான்." அப்புறம் சோதித்தோம், நன்றாக இருக்கிறது என்று அவர்கள் சொன்னதும் நாமெல்லாரும் வாயை மூடிக்கொண்டோம். அவனும் நம்பிவிட்டான்.

பூஜாவிடம் சொல்லிப் பாட்டைக் கார்டில் ஏற்றி இதோடு வைத்திருக்கிறேன். அவனைக் கேட்க வை.

எல்லப்பன்


ஓசூர்
17.8.2025

அண்ணாவுக்கு,

கார்டைத் திருப்பி அனுப்பலாம் என்று கவருக்குள் வைத்தேன். பிறகு எடுத்துவிட்டேன். தையல் மெஷின் டிராயரில், நூல் பாபின்களுக்கு அடியில் கிடக்கிறது. நான் கேட்கவில்லை.

உங்களுக்கு எல்லாம் லேசு. ஒரு அடி ஜாஸ்தி, அவன் மேல் தப்பில்லை, முடிந்தது. இங்கே இருந்து பாருங்கள். தப்பு தன் மேல்தான் என்று அவர் ஏற்றுக்கொண்டு விட்டார். அதற்கு எவ்வளவு நாள் ஆனது தெரியுமா? முதலில் கையைத் துண்டால் மூடிக்கொண்டுதான் வெளியே வருவார். இப்போது மூடுவதில்லை. அபார்ட்மென்ட் பிள்ளைகள் "அங்கிள், விரல் எங்கே?" என்று கேட்டால், "வேலை நேரத்துல பாட்டு கேட்டேன், மிஷினு துன்னுடுச்சு" என்று சிரித்துக்கொண்டு சொல்கிறார். அந்தச் சிரிப்பை எடுத்துவிட்டு நான் அவருக்கு என்ன கொடுப்பது? கோபத்தையா? கோபம் வந்தால் அதைக் கொண்டு போய் எங்கே வைப்பார்? போர்டைக்கூடக் கழற்றிவிட்டார்கள் என்று நீங்களே எழுதுகிறீர்கள். அங்கே காக்கா கத்துகிறதாம். காக்காவிடமா போய்க் கேட்பார்?

இன்னொன்றும் இருக்கிறது. கம்ப்யூட்டரில் பார்த்து ஒரு பெண் சொன்னாள், பஸ் ஓட்டுகிற நீங்கள் சொன்னீர்கள். அவர் கேட்டுவிட்டு, "இல்ல, அதுவும் நான் மிதிச்சதுதான்" என்று சொல்லிவிட்டால்? அப்போது நான் எங்கே போவேன்? இப்போது எனக்குச் சந்தேகமாவது மிச்சம் இருக்கிறது.

களைப்பாக இருக்கிறது அண்ணா. நாள் முழுக்கச் சட்டைக் காலர் தைத்துவிட்டு வந்து இதை எழுதுகிறேன். கழுத்துக்கு மேலே யோசிக்க முடியவில்லை.

ஜாஸ்மின்


வடக்குப்பட்டு
29.8.2025

தங்கச்சிக்கு,

பதில் எழுத உட்கார்ந்தால் கிண்டலாக ஒன்றும் வரவில்லை. கனகம் நெற்றியைத் தொட்டுப் பார்த்தாள். ஜுரம் இல்லை.

நீ கேட்டது நியாயம். யாரிடம் போய்க் கேட்பது? அந்த சூப்பர்வைசரை விசாரித்தேன், ஓனரை விசாரித்தேன். ஒருத்தரும் எங்கே என்று தெரியவில்லை. கேஸ், நஷ்டஈடு என்று உனக்கு ஆசை காட்ட நான் இதை எழுதவில்லை. ஒன்றும் கிடைக்காது. கொட்டகையும் இருக்காது, குடோனுக்கு வழி வேண்டும் என்று என் துண்டையும் கேட்கிறார்கள். கொடுத்துவிடுவேன். நேற்று முட்டை அட்டையெல்லாம் பிய்த்துப் போட்டேன். அட்டை ஒட்டாமல் விட்ட தகரத்தில் ஒரு இடம் மட்டும் பளபளவென்று இருக்கிறது. நீ பாடும்போது உள்ளங்கையை வைத்துக்கொண்டு நிற்கிற இடம். அதற்கு நேராக அந்தப் பக்கமும் போய்ப் பார்த்தேன், கேட்டில் ஆள் இல்லை. அங்கேயும் அதே மாதிரி தேய்ந்திருக்கிறது. காது வைத்த இடம்.

ஒன்றுதான் சொல்வேன். வீட்டில் நீங்கள் ரெண்டு பேர். ரெண்டு பேரும் தப்பு என்னுடையது என்று ஆளுக்கொரு பக்கம் தூக்கிக்கொண்டு நிற்கிறீர்கள். கீழே வைக்கக்கூடியதா இல்லையா என்று ஒரு தடவை பார்க்கலாம். வைக்க முடியாவிட்டால் மறுபடி தூக்கிக்கொள்ளுங்கள், யார் பிடுங்கப்போகிறார்கள்?

பூஜா ஆயுத பூஜைக்கு முன்னால் பாட்டு ரெக்கார்டின் அட்டையை அச்சுக்குக் கொடுக்க வேண்டுமாம். நீ வேண்டாம் என்றால் கடைசிப் பாட்டை எடுத்துவிடச் சொல்கிறேன். டிரம்ஸ் என்று போட்டு இடத்தைக் காலியாக விட்டு வைத்திருக்கிறாள். யாரும் இல்லை என்று எழுத அவளுக்குக் கை வரவில்லையாம்.

எல்லப்பன்


ஓசூர்
18.9.2025

அண்ணாவுக்கு,

போன ஞாயிற்றுக்கிழமை அவருக்கு ஆஃப். சாப்பிட்டுவிட்டுத் தரையில் சுவரோரமாக உட்கார்ந்திருந்தார். கார்டைப் போனில் போட்டு அவர் முன்னால் வைத்தேன். "இன்னாது?" என்றார். "எல்லப்பன் அண்ணன் அனுப்பிச்சாரு" என்றேன். "அந்தாளு இன்னும் மூச்சு வுடாம பேசிக்கினுதான் கீறானா?" என்று கேட்டார். ஆமாம், இப்போது எழுதவும் ஆரம்பித்துவிட்டார் என்றேன். பிறகு எல்லாவற்றையும் சொன்னேன். உங்கள் கடிதங்களையும் கொடுத்தேன். படித்துவிட்டுக் கவருக்குள் திருப்பி வைத்தார். "போடு" என்றார்.

என் குரலை நான் கேட்கவில்லை, அவர் காலைப் பார்த்துக்கொண்டிருந்தேன். இனியவன் கிட்டார் ஆரம்பித்ததும் அவருடைய வலது கால் மெல்ல அசைந்தது. அவருக்குத் தெரியவில்லை. தகரத்துக்கு அந்தப் பக்கம் தொம் என்று விழும்போதெல்லாம் இங்கே பாதம் தரையில் இறங்கியது. ஒன்று பிசகவில்லை. இத்தனை வருஷம் கழித்தும் ஒன்றுகூடப் பிசகவில்லை அண்ணா.

அந்த இடம் வந்தது. முதல் அடிக்குக் கால் இறங்கியது. ரெண்டாவது அடிக்கு இறங்கவில்லை.

அவருடைய சத்தம் வருவதற்குள் நான் நிறுத்திவிட்டேன். அவர் தன் காலையே பார்த்துக்கொண்டிருந்தார். "திரும்பப் போடு" என்றார். மறுபடியும் அதேதான். "பாத்தியா, காலு சும்மாதான் கீது" என்றார். பக்கத்து வீட்டுக்காரரிடம் காட்டுவது மாதிரி என்னிடம் காட்டினார். "அது நான் இல்ல, ஜாஸு."

அழவில்லை. கத்தவும் இல்லை. எழுந்து போய்த் தட்டைக் கழுவினார். கழுவிக்கொண்டே, "போர்டக்கூட கழட்டிட்டானுங்கன்னா எழுதிக்கிறாரு?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். "சரி" என்றார். தட்டைப் போட்ட சத்தம் மட்டும் கொஞ்சம் பெரிதாக இருந்தது. பிறகு படுத்தார். மறுநாள் டியூட்டிக்குப் போகவில்லை. மத்தியானம் வரைக்கும் தூங்கினார். எழுப்ப எனக்கு மனசு வரவில்லை.

நீங்கள் நினைப்பது போல எல்லாம் மாறிவிடவில்லை. ரெண்டு நாளாகச் சின்னச் சின்ன விஷயத்துக்குக் கோபப்படுகிறார். கேட்டைத் திறக்கச் சொல்லி ஹார்ன் அடித்த ஒருவரிடம் சண்டை போட்டிருக்கிறார். நான் பயந்ததுதான். ஆனால் இன்றைக்குப் பிள்ளைகள் விரலைப் பற்றிக் கேட்டபோது, "மிஷினு கெட்டுப்போயி இருந்துச்சு" என்று சொன்னாராம். சிரிக்காமல் சொன்னாராம்.

நானும் ஒன்று சொல்ல வேண்டும். பாத்திரம் தேய்க்கும்போது வாயில் ஏதோ முணுமுணுப்பு வந்தது. அவர் டிவி சத்தத்தைக் குறைத்தார். எப்போதும் குறைக்கிற காரணத்துக்காக இல்லை என்று நினைக்கிறேன்.

பாட்டைக் கொடுங்கள். எல்லாப் பாட்டையும். அந்த அடியை எடுக்க வேண்டாம் என்று அவரே சொன்னார். அவருடைய சத்தம் வருவதற்கு முன்னால் வெட்டிவிடச் சொல்லுங்கள், அது ஊருக்குத் தேவையில்லை. என் பெயரையும் போடலாம்.

நம்பரைத் திறந்துவிட்டேன். காலையில் ரோஜாப்பூ போட்டு குட் மார்னிங் அனுப்பினால் அன்றைக்கே மறுபடி மூடிவிடுவேன். சரோஜா அக்காவுக்குக் கொடுத்த வாக்கை மறக்க வேண்டாம், ஞாயிற்றுக்கிழமை போய் உட்காருங்கள்.

அட்டையில் டிரம்ஸ் என்ற இடத்தில் தன் பெயரை எப்படிப் போட வேண்டும் என்று அவரே சொன்னார். நான் கேட்டுத் திருத்தவில்லை, சொன்னபடியே எழுதியிருக்கிறேன். பூஜாவிடம் இப்படியே கொடுங்கள்:

டிரம்ஸ்: அன்பு. ஒரு அடி தவிர.

ஜாஸ்மின்